பாக்குறதே வேலையா இருந்த மனுஷன் எடுத்த படங்கள்

அமெரிக்க இயக்குநர் பீட்டர் ஹட்டன் படங்கள்ல சத்தமே கெடையாது. வசனம் இல்ல, பாட்டு இல்ல, அலை அடிக்கிற சத்தம்கூட இல்ல. கேமரா பெரும்பாலும் வச்ச எடத்துலயே நிக்கும், ஃபிரேமுக்குள்ள வர்ற ஆளு யாருன்னு சொல்லமாட்டாரு, கதைன்னு ஒண்ணு கெடையாது. ஒரு ஷாட் வரும், போதும்னு நமக்குத் தோணுறதையும் தாண்டி நிக்கும், அப்புறம் திரை கறுப்பாகும், கொஞ்சம் கழிச்சு அடுத்த ஷாட் வரும். இவ்வளவை மட்டும் வச்சுக்கிட்டு ஒரு மனுஷன் நாப்பது வருஷம் படம் எடுத்துருக்காரு, அதுல நாலஞ்ச நான் திரும்பத் திரும்ப பாக்கேன், ஒவ்வொரு தடவையும் முன்ன படாத ஏதோ ஒண்ணு கண்ணுல படுது.

எக்ஸ்பெரிமென்டல் சினிமான்னு சொன்னாலே ஒண்ணும் புரியாத மாதிரி எடுக்கிறதுன்னு நம்ம பக்கம் ஒரு நெனப்பு இருக்கு, கண்ணாடி உடையும், ஒருத்தன் காரணம் இல்லாம ஓடுவான், கடிகாரம் பின்னால சுத்தும். ஹட்டன் படத்துல புரியாததுன்னு ஒண்ணுமே கெடையாது. ஆறுன்னா ஆறு, கப்பல்னா கப்பல், பனின்னா பனி. ஒரே ஒரு பொருளை இவ்வளவு நேரம் பாத்தா என்ன ஆகும்னு அவரு சோதிச்சுப் பாக்குறது நம்மளை வச்சுத்தான். மொத அஞ்சு நிமிஷம் கை தானா போனைத் தேடும். அதுக்குப் பெறவு ஒரு கட்டத்துல மனசு அடங்கி உக்காரும், அப்ப திரையில இருக்கிறது எல்லாம் பெருசாயிடும், ஒரு மேகத்தோட ஓரம் நகர்றதுகூட பெரிய சம்பவமா தெரியும். நான் மிகைப்படுத்தல, உக்காந்து பாத்தவங்களுக்கு இது தெரியும்.

அவரு 1944-ல அமெரிக்காவுல டெட்ராய்ட்ல பொறந்தவரு, 2016-ல இறந்துட்டாரு. சான்ஃபிரான்சிஸ்கோ ஆர்ட் இன்ஸ்டிடியூட்ல ஓவியம், சிற்பம், சினிமா எல்லாம் படிச்சாரு. இந்த விவரம் எந்த வாழ்க்கைக் குறிப்புலயும் இருக்கும். எனக்கு முக்கியமா படுறது வேற ஒண்ணு, படிப்புச் செலவுக்காக அவரு சரக்குக் கப்பல்ல வேலைக்குப் போனாரு, விட்டு விட்டு பத்து வருஷம் கிட்ட. நம்ம குமரி மாவட்டத்துல இது எவ்வளவு சாதாரணமான சங்கதின்னு சொல்லவே வேண்டாம், கடற்கரை ஊரு ஒண்ணொண்ணுலயும் கப்பல்ல போன ஆளு கண்டிப்பா உண்டு, ஷிப்புல போறான்னு சொன்னாலே கல்யாண வீட்ல அவனுக்கு தனி மரியாதை. ஆனா வந்தவன்கிட்ட என்ன கொண்டு வந்தன்னு கேப்போமே தவிர அங்க என்னத்த பாத்தன்னு கேக்கவேமாட்டோம். ஹட்டன் என்னத்த பாத்தாருன்னு அவரு படம்தான் பதில்.

கப்பல்ல வாட்ச்னு ஒண்ணு உண்டு. நாலு மணிநேரம் வேலை, எட்டு மணிநேரம் ஓய்வு, மறுபடியும் நாலு மணிநேரம், இப்படியே மாசக்கணக்கா போகும். அதுல ராத்திரி லுக்அவுட் நிக்கிறவனுக்கு பாத்துக்கிட்டு நிக்கிறதுதான் வேலையே, எதிர்ல வெளிச்சம் தெரியுதா, மீன்புடி வள்ளம் ஏதும் குறுக்க வருதா, மழை எந்தப் பக்கம் நிக்குது, அவ்வளவுதான். கப்பல ஓட்டுற ரூமான பிரிட்ஜ்ல நல்ல வெளிச்சமா லைட் போடவே மாட்டாங்க, ஏன்னா வெளிச்சத்துல இருந்து இருட்டுக்கு வந்தா கண்ணு பழகுறதுக்கு இருபது முப்பது நிமிஷம் புடிக்கும், அதுவரைக்கும் முன்னால என்ன இருக்குன்னு ஒண்ணும் தெரியாது. பழகினப்பெறவு அந்த இருட்டுக்குள்ளயே மேகத்தோட கறுப்பு வேறயா தெரியும், தண்ணியோட கறுப்பு வேறயா தெரியும். ஹட்டனோட பிளாக் அண்ட் ஒயிட் படங்கள பாக்கும்போது இதுதான் எனக்கு ஞாபகம் வரும், திரை முழுக்க இருட்டா ஆரம்பிக்கிற ஷாட்டுல மொதல்ல ஒண்ணும் தெரியாது, பைய பைய ஒரு கரை தெரியும், ஒரு புகை தெரியும், கண்ணு பழகுறதுக்கு அவரு நேரம் குடுக்காரு. கடல்ல கழிச்ச காலம்தான் தன்னோட பார்வைய நிதானமாக்குச்சுன்னு அவரே பேட்டிகள்ல சொல்லிருக்காரு, சொல்லலன்னாலும் தெரிஞ்சிருக்கும்.

என் சித்தப்பாவுக்கு குளச்சல் பக்கம் வீடு. சரக்குக் கப்பல்ல ஏபியா, அதாவது மாலுமியா ஏறி, மாலுமிகளுக்கு தலைவரான போசனா இறங்கினவரு, இப்ப ஓய்வுல இருக்காரு. ஹட்டனோட 'அட் சீ' படத்தை லேப்டாப்புல இருந்து டிவில கனெக்ட் பண்ணி அவரு வீட்ல போட்டேன், மத்தியானம் சாப்பாடு முடிஞ்சு சாஞ்சு கெடக்குற நேரம்.

"சவுண்டு வரலியே மக்கா, ஒயர ஒழுங்கா குத்துனியா?"

"இதுல சவுண்டே கெடையாது சித்தப்பா."

"செரி, ஓடட்டு."

கப்பல் கட்டுற பகுதி முடியுறவரைக்கும் அவரு ஒண்ணும் பேசல. நடுக்கடல் வந்தது, கன்டெய்னர் அடுக்குக்கு மேலயா கடல், வானம், மறுபடி கடல். கொஞ்ச நேரம் பாத்துட்டு எழும்பி உக்காந்துட்டாரு.

"இவன் கப்பல்ல நின்ன ஆளாக்கும்."

"எப்படி கண்டுபுடிச்சீங்க?"

"இல்லன்னா தண்ணிய இவ்ளோ நேரம் எவன் பாப்பான்? ஏறின ரெண்டு நாளைல பாத்து முடிஞ்சுட்டுன்னு தோணும் மக்கா. பத்து நாளு கழிஞ்ச பெறவுதான் பாக்கவே தொடங்குவோம்."

அப்புறம் அவரு சொன்ன இன்னொரு சங்கதி இந்தப் படங்களைப் பத்தி நான் வாசிச்ச எந்தக் கட்டுரையிலயும் இல்லாதது. கப்பல்ல இஞ்சின் சத்தம் ராவும் பகலும் ஒடம்புக்குள்ளயே இருக்குமாம், ஒறக்கத்துலயும் இருக்குமாம், இஞ்சின் நின்னாத்தான் எல்லாரும் திடுக்குனு முழிப்பாங்களாம். "இவன் சத்தத்த எடுத்துட்டான்லா, அதனால எனக்கு அந்த இஞ்சின் இப்ப கேட்டுட்டே கெடக்கு" அப்படின்னாரு. சாயா கொண்டு வந்த சித்தி கதவுப் பக்கம் நின்னு கொஞ்ச நேரம் பாத்துட்டு, "இதுக்குள்ளயா இத்தன வருசம் கெடந்தீங்க"ன்னு கேட்டாங்க. சித்தப்பா அதுக்கப்புறம் படம் முடியுறவரைக்கும் சித்திக்கு ஒவ்வொண்ணா சொல்லிக்கிட்டே இருந்தாரு, புயல்ல கப்பல் எப்படி முக்கும், கன்டெய்னரைக் கட்டிவச்சிருக்க கம்பி எப்படி கிரீச்சுனு கத்தும், ராத்திரி வாட்ச்ல எதை நெனச்சுக்கிட்டு நிப்பாருன்னு. படத்துல சத்தம் இருந்திருந்தா இந்தப் பேச்சு நடந்திருக்காதுன்னு நான் உறுதியா நம்புறேன். தியேட்டர்ல பேசாம பாக்கணும்னு சொல்றவங்க சொல்லட்டும், எனக்கு அன்னைக்கு நடந்ததும் படத்துல சேர்ந்ததுதான்.

செரி, எப்படி எடுக்காருங்கிறதுக்கு வர்றேன், ஏன்னா படம் எடுக்க ஆசைப்படுற பசங்களுக்கு இதுதான் உபயோகம். அவரு கடைசி வரைக்கும் 16 எம்எம் ஃபிலிம்ல எடுத்தவரு, கையில போலக்ஸ் கேமரா. அது சாவி கொடுத்து ஓட்டுற ஸ்பிரிங் கேமரா, முழுசா சாவி கொடுத்தா ஒரே ஓட்டத்துல 28 செகண்ட் கிட்ட ஓடும், அவ்வளவுதான் ஓடும். அந்தக் கேமராவுக்குள்ள போடுற 100 அடி ரோல், செகண்டுக்கு 24 ஃபிரேம்னு ஓட்டினா ரெண்டே முக்கால் நிமிஷத்துல தீந்துரும். ஃபிலிமுக்கும் காசு, கழுவுறதுக்கும் காசு. அதனால பட்டனை அமுக்குறதுக்கு முன்னாடி ரொம்ப நேரம் சும்மா பாக்கணும், வெளிச்சம் எங்க போகுது, தண்ணி எந்தப் பக்கம் இழுக்குது, அந்தப் பறவை மறுபடி வருமான்னு. நம்ம போன்ல அளவே இல்லாம எடுக்கலாம், எடுத்ததுக்கப்புறம் பாத்துக்கலாம்னு எடுக்கோம், பாக்குறதே இல்ல. ஹட்டனுக்கு பாக்குறது முடிஞ்சாத்தான் எடுக்கிறதே.

ஷாட்டுக்கும் ஷாட்டுக்கும் நடுவுல அவரு விடுற கறுப்பு ரொம்ப முக்கியம். சாதாரண படத்துல ரெண்டு ஷாட்ட ஒட்டினா நம்ம மூளை உடனே சம்பந்தம் தேடும், இவன் பாக்கான், அதைத்தான் பாக்கான் அப்படின்னு கதை கட்ட ஆரம்பிச்சிரும். சினிமா எடிட்டிங்குங்கிறதே இந்த புத்திய நம்பித்தான் நடக்குது. நடுவுல கறுப்பு வந்தா அந்தச் சம்பந்தம் அறுந்துரும், ஒவ்வொரு ஷாட்டும் பழைய ஆல்பத்துல தனித்தனியா மூலை ஒட்டி வச்ச போட்டோ மாதிரி தனியா நிக்கும். போன ஷாட்ட மறந்துட்டு புதுசா பாக்கச் சொல்லுது அந்தக் கறுப்பு. 1895-ல லூமியே சகோதரர்கள் காட்டின மொத படங்களும் இப்படித்தானே, ஒரே எடத்துல கேமரா, ஐம்பது செகண்ட் கிட்ட ஒரே ஷாட், ஃபேக்டரி கேட்ல ஆளுங்க வெளிய வாறாங்க. அந்தக் காலத்து ஜனங்க வாயத் தொறந்து பாத்துருக்காங்க. அந்த ஆச்சரியத்த நூறு வருஷம் கழிச்சும் திருப்பிக் கொண்டு வரலாம்னு ஹட்டன் நம்பினாரு, கொண்டும் வந்தாரு.

நியூயார்க்கை வச்சு மூணு பாகம் எடுத்துருக்காரு, 'நியூயார்க் போர்ட்ரெயிட்', எழுபதுகளோட கடைசியில ஆரம்பிச்சு 1990 வரைக்கும். அவ்வளவு பெரிய இரைச்சல் நகரத்த சத்தம் இல்லாம எடுக்கணும்னு தோணிச்சே, அதுவே எனக்கு பெரிய விசயம். புடாபெஸ்ட், போலந்துல லோட்ஸ் நகரம்னு ஐரோப்பா போயும் எடுத்துருக்காரு, அதுகள்ல எனக்கு மனசு அவ்வளவா ஒட்டல, வெளியூர்க்காரர் பார்வையாவே நின்னுருச்சுன்னு தோணும். அவரு வேரு புடிச்சது நியூயார்க் பக்கம் ஓடுற ஹட்சன் ஆத்துலதான். 1984-ல இருந்து அந்த ஆத்தோரம் இருக்க பார்ட் காலேஜ்ல சினிமா சொல்லிக் குடுத்துக்கிட்டு, பக்கத்துலயே ஓடுற ஆத்த வருஷக்கணக்கா எடுத்தாரு.

'ஸ்டடி ஆஃப் எ ரிவர்' அப்படி வந்த படம், பதினாறு நிமிஷம், பிளாக் அண்ட் ஒயிட், ஹட்சன் ஆத்தோட பனிக்காலம். ஆறு உறைஞ்சு பாளம் பாளமா ஐஸ் மெதக்குது, அதுக்கு நடுவுல கப்பல் பைய நகருது. நாம ஐஸ பாத்ததே மீன் பொட்டியிலதான், அதனால எனக்கு அந்த ஐஸ் ஆறு வேற கிரகம் மாதிரிதான் முதல்ல இருந்துச்சு, ஆனா பாக்கப் பாக்க அது ஆறாவே தெரியல, எதோ ஒரு உசிருள்ள தோலு விரிசல் விட்டு மூடுற மாதிரி இருந்துச்சு. இந்தப் படத்த 2010-ல அமெரிக்க காங்கிரஸ் நூலகம் பாதுகாக்க வேண்டிய படங்களோட தேசியப் பதிவேட்டுல சேத்துட்டாங்க. கதை இல்லாத, சத்தம் இல்லாத, தனி ஆளு கையில எடுத்த ஒரு ஆத்துப் படம், ஹாலிவுட் படங்களோட ஒரே பட்டியல்ல.

அடுத்து 2000-ல வந்த 'டைம் அண்ட் டைட்'. இது அதே ஆறு, ஆனா கலர். ஆரம்பத்துலயே 1903-ல பயோகிராஃப் கம்பெனிக்காரங்க ஹட்சன் ஆத்துல படகுல போயி எடுத்த ஒரு பழைய ரீலை வச்சிருக்காரு, அது கடகடன்னு ஓடும், கரை, பாலம், படகு எல்லாம் பறக்கும். அது முடிஞ்சதும் இவரோட ஆறு வரும், நிதானமா. பாதிப் படம் கப்பல்ல இருந்தே எடுத்தது, வட்டமான போர்ட்ஹோல் ஜன்னல் வழியா கரை நகர்றது தெரியும், திரை முழுக்க இருட்டு, நடுவுல ஒரு வட்டத்துல மட்டும் உலகம். சித்தப்பாவுக்கு இதையும் போட்டுக் காட்டணும்.

எல்லாத்துலயும் எனக்கு பிடிச்ச சின்னப் படம் 'இன் டைட்டன்ஸ் காப்லெட்', 1991. பேரு தாமஸ் கோல்ங்கிற ஓவியர் 1833-ல வரைஞ்ச படத்துல இருந்து எடுத்தது. அந்த ஓவியத்துல மலைக்கு மேல ராட்சசன் குடிக்கிற அளவுக்கு ஒரு கோப்பை நிக்கும், கோப்பை நெறைய தண்ணி, அந்தத் தண்ணியில குட்டிக் குட்டியா பாய்மரக் கப்பல் ஓடிக்கிட்டிருக்கும். ஹட்சன் பள்ளத்தாக்க வரைஞ்ச அந்தப் பழைய ஓவியர்கள் பரம்பரைக்கு ஒரு மரியாதையா ஹட்டன் இந்தப் படத்த எடுத்தாரு. மலை, மேல மூடுபனி மாதிரி ஏதோ ஒண்ணு மிதந்து போகுது, அவ்வளவு அழகு, ஓவியம் உயிர் வந்த மாதிரி. பாத்துக்கிட்டே இருந்தா அதுக்குள்ள புல்டோசர் தெரியும். மூடுபனின்னு நாம நெனச்சது புகை, குப்பை டயர் மலையா கெடந்து அணைக்க முடியாம எரியுற புகை. இதைச் சொல்றதுக்கு படத்துல ஒரு எழுத்து கெடையாது, ஒரு குரல் கெடையாது. மொதல்ல அழகுன்னு நம்மள ரசிக்க விட்டு, அப்புறம் நாம ரசிச்சது என்னன்னு நாமளே கண்டுபுடிக்க விடுறாரு. சுற்றுச்சூழல் பத்தி எத்தனையோ டாகுமென்டரி பாத்துருக்கேன், எண்ணிக்கையும் சோக இசையுமா, ஒண்ணும் மனசுல நிக்கல. இந்த டயர் புகை நின்னுடுச்சு. மறவன்குடியிருப்பு தாண்டி போகும்போது குப்பை எரிஞ்சு புகை தென்னைக்கு மேல படிஞ்சு நிக்கிறத பாத்தா இப்பவும் அந்தப் படம்தான்.

இனி 'அட் சீ'. 2007-ல வந்தது, ஒரு மணிநேரம் ஓடும், அவரோட பெரிய படம்னு சொன்னா அது இதுதான். மூணு பகுதி. தென்கொரியாவுல ஒரு கப்பல் கட்டுற யார்டு, அப்புறம் கன்டெய்னர் கப்பல்ல அட்லாண்டிக் கடல், கடைசியில வங்காளதேசத்து சிட்டகாங் கடற்கரை, அங்க பழைய கப்பல உடைக்காங்க. மூணும் ஒரே கப்பல் கெடையாது, வேற வேற கப்பல்தான், ஆனா வரிசையா பாக்கும்போது ஒரு கப்பல் பொறந்து, வாழ்ந்து, செத்த மாதிரி ஆயிடும். யார்டுல கப்பலோட பக்கவாட்டுச் சுவரு மட்டும் ஃபிரேம் முழுக்க நிக்கும், அது கப்பல்னே தெரியாது, கீழ எறும்பளவு ஒரு மனுஷன் நடந்து போனாத்தான் அதோட அளவு நமக்கு ஒறைக்கும். கடைசிப் பகுதியிலயும் அதே அளவுக் கணக்குதான், பெரிய இரும்பு, சின்ன மனுஷன், ஆனா இப்ப அவன் சேத்துல நிக்கான்.

சிட்டகாங்ல ஏன் உடைக்காங்கன்னு சித்தப்பாதான் சொன்னாரு, அங்க வேலியேத்தம் எறக்கம் அதிகம், தண்ணி ஏறும்போது கப்பல முழு வேகத்துல கரைக்கு ஓட்டி ஏத்திருவாங்க, தண்ணி இறங்கினா கப்பல் சேத்துல உக்காந்துரும், அப்புறம் கேஸ் கட்டிங் வச்சு ஆளுங்க துண்டு துண்டா அறுத்து எடுப்பாங்க. குஜராத்துல அலங்ல நடக்குறதும் அதேதான். நம்ம கடல்ல வேலி ஒரு மீட்டர்கூட ஏறாது, அதனால இங்க அந்த வேலை நடக்காது. இந்தத் தகவல் எதுவும் படத்துல கெடையாது, ஆனா படத்துல அந்த சேறும் அந்த தூரமும் தெரியுது.

இந்தப் படத்து மேல ஒரு குறை உண்டு, அத நானும் ஒத்துக்கிடுவேன். வங்காளதேசத்துல அந்த வேலை எவ்வளவு ஆபத்துன்னு உலகத்துக்கே தெரியும், இரும்பு விழுந்து சாவாங்க, டேங்க்ல மிஞ்சுன கேஸ் வெடிச்சு சாவாங்க, கல்நார் தூசி நுரையீரலுக்குள்ள போகும். அப்படிப்பட்ட எடத்துல போயி அழகான ஷாட்டா எடுத்துட்டு, ஒரு தொழிலாளி பேரைக்கூட சொல்லாம வந்துரலாமா? அங்க எனக்கு அந்த ஆளுங்க குரல் கேக்கணும்னு இருந்துச்சு. அது ஹட்டன் முறையோட எல்லை, அத தாண்ட அவரு முயற்சி பண்ணல. ஆனா ஒண்ணு, கொரியாவுல கிரேன், வெல்டிங், ஒழுங்கு, அதப் பாத்த அதே கண்ணால ஒரு மணிநேரத்துக்குள்ள வெறுங்கால் ஆளுங்க கப்பல அறுக்குறதப் பாக்கோம், சாமான் ஒரு எடத்துல லாபமாகி இன்னொரு எடத்துல குப்பையாகுற கணக்க அவரு வரிசையை வச்சே சொல்லிட்டாரு. மூணையும் இணைக்கிற நடுக்கடல்ல மனுஷனே அதிகம் தெரியாது, கன்டெய்னர் மட்டும் போகுது.

நமக்கு கன்டெய்னர் கப்பல் தூரத்துச் சங்கதி கெடையாது. இனயத்துல துறைமுகம்னு ஒரு பேச்சு, அப்புறம் கன்யாகுமரிக்குப் பக்கத்து கோவளம் மணக்குடின்னு ஒரு பேச்சு, ஜனங்க எதிர்த்து நின்னது எல்லாருக்கும் ஞாபகம் இருக்கும். அந்தப் பக்கம் கேரளாவுல விழிஞ்ஞம் துறைமுகத்துல 2024 ஜூலைல மொத தாய்க்கப்பல், அதாவது பெரிய கன்டெய்னர் கப்பல், வந்து நின்னுச்சு, இப்ப சாதாரணமா கடல்ல நம்ம வள்ளக்காரங்க கண்ணுக்கு இந்த பெரிய கப்பல் தெரியுது. 2025 மே மாசம் கொச்சிக்கு வெளிய ஒரு கன்டெய்னர் கப்பல் மூழ்கினப்ப கேரளாவுல ஒதுங்கினது போக நம்ம குமரிக் கரையிலயும் வெள்ளை வெள்ளையா பிளாஸ்டிக் குருணை வந்து ஒதுங்கிச்சு, அரிசி கொட்டிக் கெடக்குற மாதிரி மணல்ல கெடந்தத கையில அள்ளிப் பாத்தேன், அள்ள அள்ள விரலுக்கு நடுவுல வழுக்கி மறுபடி மணலுக்குள்ள போயிடுது. டிவிக்காரங்க வந்தாங்க, மைக் நீட்டினாங்க, போயிட்டாங்க. ட்ரோன் பறந்துச்சு. அந்தக் குருணைய அலை எப்படி வரி வரியா பிரிச்சு வைக்குது, அடுத்த அலை எப்படி அத இழுக்குதுன்னு ஒரே எடத்துல கேமரா வச்சு அஞ்சு நிமிஷம் எடுத்த ஒரு வீடியோ கூட என் கண்ணுல படல. செய்தி முடிஞ்சுட்டு, ஆனா நடந்தது என்னன்னு பதிவு இல்ல.

இதுதான் என்னோட ஆதங்கம். நம்ம கடலை மாதிரி படம் புடிக்கப்பட்ட கடல் தமிழ்நாட்டுல வேற உண்டா? கன்யாகுமரில சூரியன் உதிச்சா ஆயிரம் போன் மேல எழும்புது, திருவள்ளுவர் சிலை, விவேகானந்தர் பாறை, இப்ப நடுவுல கண்ணாடிப் பாலம், எல்லாம் ரெண்டு செகண்ட் ரெண்டு செகண்டா பாட்டு வச்சு ரீல்ஸ் ஆயிருது. முட்டம் பாறையில சினிமாக்காரங்க எடுக்காத பாட்டு இல்ல. ஆனா இந்தக் கரையில உள்ளவங்க கடல எப்படி பாப்பாங்களோ அப்படி எடுத்த படம் எங்க? ஒரு பெரியவரு விடியக்காலம் கரையில குத்த வச்சு தண்ணிய பாப்பாரு, பேசமாட்டாரு, நெறம் பாப்பாரு, காக்கா எங்க இறங்குதுன்னு பாப்பாரு, காத்து மேக்க இருந்து வர்ற கச்சானா, கெழக்க இருந்து வர்ற கொண்டலான்னு பாப்பாரு, அப்புறம்தான் எழும்பி வாங்கலேன்னு சொல்லுவாரு. கடல்ல உள்ள போயி கரையில தெரியுற மலையையும் கோயில் கோபுரத்தையும் ஒண்ணோட ஒண்ணு நேர் வச்சு தண்ணிக்கு அடியில உள்ள பாறை (அத பாருன்னு சொல்லுவாங்க) எங்க இருக்குன்னு கண்டு வள்ளத்த சரியா நிறுத்துவாங்க. ஹட்டன் டெட்ராய்ட்ல இருந்து கப்பல் ஏறிப் போயி கத்துக்கிட்டது நம்ம ஊர்ல பரம்பரையா கெடக்குற படிப்பு. 2017 ஓகி புயல்ல போனவங்க வீட்டுப் பொம்பளைங்க நாள்கணக்கா கரையில நின்னு பாத்த பார்வையும் அந்தக் கடல் மேலதான் கெடக்கு, அதையும் யாரும் அவசரப்படாம படமா எடுக்கல.

இங்க எடுக்குறதுக்கு என்னத்துக்கு பஞ்சம்? குழித்துறை ஆறு மலையில இருந்து இறங்கி திற்பரப்புல விழுந்து, இரையுமன்துறைல கடலோட சேர்ற எடத்த வருஷம் முழுக்க மாசம் ஒரு ஷாட்டுனு எடுத்தாலே ஒரு படம், பொழி, அதாவது ஆத்து வாய், மண்ணால மூடுறதும் தொறக்குறதும் தூண்டில் வளைவுக் கல்லு மேல அலை ஏறி விழுறதும் வேற வேற தண்ணியா தெரியும். மணவாளக்குறிச்சி மணல்ல அலை வடிஞ்ச பெறவு கறுப்பும் வெள்ளையுமா வரி விழும், அதுக்கு கலரே வேண்டாம். புத்தளம் உப்பளத்துல வெயில் நேரம். ஹட்டன் தன்னோட கடைசிக் காலத்துல எடுத்த 'த்ரீ லேண்ட்ஸ்கேப்ஸ்' படத்துக்காக எத்தியோப்பியாவுல உப்புப் பாலைவனம் வரைக்கும் போயிருக்காரு, நமக்கு பஸ்ஸுல போற தூரம்.

எனக்கு ஒரு படம் மனசுல இருக்கு, யாராவது முந்திக்கிட்டு எடுத்தாலும் சந்தோசம்தான். நம்ம மாவட்டத்துக்கு மட்டும் ஒரு விசேசம் உண்டு, ரெண்டு மீன்பிடித் தடைக்காலம். சின்னமுட்டம் கிழக்குக் கடற்கரைக் கணக்கு, ஏப்ரல் 15-ல இருந்து ஜூன் 14 வரைக்கும் விசைப்படகு போகாது. குளச்சல், முட்டம், தேங்காய்பட்டணம் மேற்குக் கணக்கு, ஜூன் 1-ல இருந்து ஜூலை 31 வரைக்கும். ஒரு பக்கம் படகு இறங்கும்போது மறுபக்கம் படகெல்லாம் கட்டிப் போட்டிருக்கும், பெயின்ட் அடிப்பாங்க, வலை முடிவாங்க, இஞ்சின பிரிச்சுப் போட்டிருப்பாங்க. அந்த ரெண்டு துறைமுகத்தையும் மாத்தி மாத்தி காட்டணும், ஒரு எடத்துல நிக்கிற படகு, இன்னொரு எடத்துல போற படகு, நடுவுல ஜூன் மாசத்துல ரெண்டு வாரம் ரெண்டு பக்கமும் நிக்கும், அந்த ரெண்டு வாரம்தான் படத்தோட நடு. ஹட்டன் மாதிரி சத்தம் இல்லாம எடுக்கணுமா, இல்ல ஆளுங்க பேச்சு வேணுமான்னு எனக்குள்ள இன்னும் முடிவாகல, சிட்டகாங் பகுதியில பட்ட குறையை மனசுல வச்சு பேச்சு இருக்கட்டும்னுதான் இப்போதைக்கு சாய்றேன், ஒருவேளை படத்துக்கு முன்னாடியோ பின்னாடியோ இருட்டுத் திரையில குரல் மட்டும்.

இவரைப் பாக்க ஆசைப்படுறவங்களுக்கு ஒரு எச்சரிக்கை, இந்தப் படங்கள் ஓடிடி எதுலயும் சுலபமா கெடைக்காது. சான்ஃபிரான்சிஸ்கோல கேன்யன் சினிமான்னு படம் எடுக்கிறவங்களே சேர்ந்து நடத்தின கூட்டுறவு அமைப்பு மூலமா 16 எம்எம் பிரிண்டா வாடகைக்கு போன படங்கள் இவை, புரொஜெக்டர்ல போட்டு கூட்டமா பாக்குறதுக்காக எடுத்தது. ஆசிரியர்கள், ஃபிலிம் சொசைட்டிக்காரங்க, டிசம்பர் மாசம் திருவனந்தபுரத்துக்கு திரைப்பட விழாவுக்குப் போறவங்க வழியா விசாரிங்க, எனக்கும் அப்படித்தான் ஒரு கை மாறி ஒரு கை கெடைச்சது. இதுக்கு முன்னாடி ஒரு ருசி பாக்கணும்னா கெல்லி ரைக்கார்ட் இயக்கின 'ஃபர்ஸ்ட் கவ்' படத்தோட ஆரம்ப ஷாட்ட மட்டும் பாருங்க, 2019-ல வந்த படம், ஹட்டனுக்கு சமர்ப்பணம் பண்ணிருக்காங்க, ரெண்டு பேரும் ஒரே காலேஜ்ல வேலைபாத்தவங்க. ஆத்துல ஒரு சரக்குக் கப்பல் ஃபிரேமோட ஒரு ஓரத்துல இருந்து மறு ஓரத்துக்கு நகர்ந்து போகும், அவ்வளவுதான். அது உங்களுக்கு நீளமா படலன்னா 'ஸ்டடி ஆஃப் எ ரிவர்' பாக்கலாம், அது ஒத்துக்கிட்டா 'அட் சீ'. ஜன்னலை மூடி இருட்டாக்கிருங்க, போனை அடுத்த ரூம்ல போடுங்க, முடிஞ்சா கப்பல்ல போயிட்டு வந்த சொந்தக்காரங்க யாரையாவது பக்கத்துல உக்கார வச்சுக்கிடுங்க, அவங்க பேசினா பேச விடுங்க.